மூக்கைப் பொத்திக்கொள்ளும் விமர்சனம்

திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) படத்தை அம்மாபேட்டையில் ஒரு நண்பர் வீட்டு மாடியில் எட்டுப் பேர் பார்த்தோம். எட்டுப் பேரும் எழுதுகிறவர்கள். முடிந்ததும் ஒருவர் சொன்னார்: ‘விஷயம் சரி, கலை இல்லை.’ இன்னொருவர்: ‘பிரசாரம்.’ அதற்குமேல் யாரும் போகவில்லை, காப்பி வந்துவிட்டது.

நானும் தலையாட்டினேன். அந்தத் தலையாட்டலுக்கு எதிராகத்தான் இதை எழுதுகிறேன்.

கலை இல்லை என்பதை எதைக் கொண்டு அளந்தோம்? ஆர். பி. அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’, மதுரையில் கோயிலை ஒட்டிய ஒரு தெருவில் மலம் அள்ளும் பெண்ணின் வேலையைப் பின்தொடர்கிறது. இன்று அள்ளிய இடத்தில் நாளையும் அள்ளவேண்டும். அந்த வேலையிலிருந்து கண்ணை எடுக்காமலிருப்பதே அதன் உருவம். ‘கக்கூஸ்’ வேறு வகை. ஊர் ஊராகப் போகிறது. சாவுக்குமேல் சாவாக அடுக்குகிறது. எனக்குச் சலித்தது. ஒரு சாவைச் சோகம் என்று ரசித்துவிட்டுப் பத்தாவது சாவில் கடிகாரத்தைப் பார்க்கிற ரசனையைத்தான் நாம் கலையுணர்வு என்கிறோமா?

மலம் அள்ளுவதற்கு எதிராக 1993இல் ஒரு சட்டம், 2013இல் இன்னொன்று. சாக்கடையில் இறந்தவர் குடும்பத்துக்குப் 10 லட்சம் என்றது உச்ச நீதிமன்றம், 2014இல். 2023இல் அதை 30 லட்சமாக்கியது. தடைசெய்த வேலையில் செத்தவனுக்கு ஈட்டுத்தொகை ஏறுகிறதென்றால் வேலை நடக்கிறது என்றுதானே பொருள்? ஏட்டில் இல்லாததை இருக்கிறது என்று காட்டுவதுதான் இப்படங்களின் காரியம். நாகர்கோவிலில் ‘கக்கூஸ்’ திரையிடப் போலீஸ் அனுமதி மறுத்தது. போலீசுக்குப் புரிந்த படம் விமர்சகனுக்குப் புரியவில்லை.

சேலத்துக்காரனுக்கு இதில் கூடுதல் கூச்சம். மாடர்ன் தியேட்டர்ஸ் இவ்வூரிலிருந்து நூறுக்கும் மேல் படங்களை அனுப்பியது. அவற்றின் ராஜகுமாரிகளையும் வாள்சண்டைகளையும் பொழுதுபோக்கு என்று ஒதுக்கியவர்கள் நாம். 1968இல் ‘நடை’ இங்கிருந்து வந்ததைச் சொல்லிச் சொல்லிப் பெருமைப்படுகிறவர்களும் நாமே. அலங்காரம் வேண்டாம், அனுபவம் வேண்டும் என்று கவிதையிடம் கேட்ட நாம், அனுபவம் சாக்கடையிலிருந்து ஏறி வந்ததும் உருவம் எங்கே என்கிறோம்.

கேட்கவேண்டிய கேள்விகள் இருக்கின்றன. அழுகிறவள் முகத்துக்கு அத்தனை அருகில் போகக் கேமராவுக்கு யார் உரிமை தந்தது? படம் முடிந்தபின் அவளுக்கு மிஞ்சுவது என்ன? இவையும் உருவம் பற்றிய கேள்விகளே. இவற்றைக் கேட்கப் படத்தை முகம் திருப்பாமல் பார்த்திருக்க வேண்டும்.

அம்மாபேட்டையின் பழைய வீடுகளில் குழி என்றால் தறிக்குழி. நெசவாளி காலை இறக்கி உட்கார்ந்து, வேலை முடிந்ததும் எழுந்து வந்துவிடுவான். எழுந்து வராதவர்களைப் பற்றிய அந்தப் படத்தை மறுபடி போடச் சொல்லியிருக்கிறேன். அதே எட்டுப் பேரும் வரவேண்டும். இந்தத் தடவை காப்பி கிடையாது.