சிரிப்புப் படமும் நம் கல்லாவும்

திரைப்படத் திருட்டைப் பற்றி வணிகர் இதழில் எழுதுவானேன் என்று சிலர் கேட்கக்கூடும். மாலைக் காட்சி விட்டதும் அம்பத்தூர், ஆவடி, பூவிருந்தவல்லி திரையரங்குகளை ஒட்டிய கடைகளில் நடக்கும் வியாபாரத்தைக் கண்டவர்கள் அப்படிக் கேட்க மாட்டார்கள். டீக்கடை, பரோட்டா கடை, பழக்கடை, இவர்களுக்குச் சரக்குப் போடும் மொத்த வியாபாரி என அந்தக் கூட்டத்தை நம்பியிருப்போர் நம்மில் பலர்.

அதிலும் நகைச்சுவைப் படத்துக்கு வருவது குடும்பக் கூட்டம். கை தாராளமாகச் செலவழிக்கும் கூட்டம். பெரிய நடிகர் படமென்றால் ரசிகர்கள் முதல் நாளே முண்டியடித்து வந்துவிடுவார்கள். சிரிப்புப் படத்துக்குப் பெரும்பாலும் பார்த்தவர் சொல்லக் கேட்டுத்தான் கூட்டம் சேரும். அதற்குள் திருட்டுப் பிரதி இணையத்தில் வந்துவிட்டால், 'படம் நன்றாயிருக்கிறது' என்ற பேச்சே திருடனுக்கு விளம்பரமாகிவிடுகிறது.

சிரிக்க மக்கள் வராமலில்லை. 12 ஆண்டுகள் முடங்கிக் கிடந்த சுந்தர் சி.யின் 'மதகஜராஜா' 2025 பொங்கலுக்கு வந்து வெற்றிகரமாக ஓடியதே!

சட்டமும் இல்லாமலில்லை. திருட்டு வீடியோத் தொழில் செய்வோரைத் தமிழக அரசு 2004-இல் குண்டர் சட்டத்தின் கீழ் கொண்டு வந்தது. மத்திய அரசின் 2023 திரைப்படச் சட்டத் திருத்தம், 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 3 லட்சம் ரூபாய்க்குக் குறையாமல் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை அபராதமும் விதிக்கிறது. ஆயினும் ஒரு தளத்தை முடக்கினால் அது வேறு முகவரியில் முளைக்கிறது. 'தமிழ்ராக்கர்ஸ்' பல ஆண்டுகள் ஆட்டம் காட்டியது இப்படித்தான்.

நம் பக்கமும் குறை உண்டு. மெமரி கார்டில் புதுப்படம் ஏற்றிக் கொடுத்துச் சில்லறை பார்த்த கடைகள் நம் கடைவீதிகளிலும் இருந்தன. நம் சரக்கின் பெயரில் எவனாவது போலி விற்றால் கொதிக்கிறோம். அடுத்தவன் சரக்கு களவு போனால் மட்டும் நமக்கென்ன என்றிருப்பது எந்த ஊர் நியாயம்?

திரையரங்கு உரிமையாளர்களுக்கும் ஒரு வார்த்தை. வெளியே வாங்கிய முறுக்குப் பொட்டலத்தை வாசலிலேயே தடுத்துவிட்டு, உள்ளே பலமடங்கு விலை வைத்தால், நாலு பேர் கொண்ட குடும்பம் வீட்டில் கைபேசியைத் தேடத்தான் செய்யும். கட்டுப்படியாகும் விலைதான் திருட்டுக்கு முதல் பூட்டு.

வணிகப் பெருமக்களே! திருட்டுப் படம் நம் கடையில் ஓடாது, நம் வீட்டிலும் ஓடாது என்று முதலில் நாம் உறுதி கொள்வோம். வாடிக்கையாளரிடம் நேர்மையை எதிர்பார்க்கும் உரிமை அப்போதுதான் நமக்கு உண்டு.