நாக்கு எங்கே போகிறது?

பினாங்குக்கு வந்துபோகும் சொந்தக்காரர்கள் பிஸ்கட் பெட்டி வாங்காமல் ஊர் திரும்புவதில்லை. பாசிப்பருப்புப் பூரணம் வைத்த சீன பிஸ்கட். பெட்டியின் மேல் ஆங்கில எழுத்தில் ‘தாவ் சார்’ என்று போட்டு, அடுத்த சொல்லை பி, என், இ, ஏ, எச் என்று அச்சடித்திருப்பார்கள். திருச்சியிலிருந்து வந்திருந்த மாமா அதை எழுத்துக்கூட்டி ‘ப்னே’ என்றார். கடைக்காரம்மா சிரித்துக்கொண்டே திருத்திச் சொன்னார். அவர் சொன்னதில் ‘பி’ இருந்தது, ‘யா’ இருந்தது. ‘ன்’ மட்டும் இல்லை. யா கொஞ்சம் மூக்கால் வந்தது, அவ்வளவுதான்.

அந்த ‘என்’ தனி மெய்யெழுத்து இல்லை. மூக்கைத் திறந்து சொல் என்பதற்கான அடையாளம். வாயின் மேற்கூரையில் பின்பக்கம், உள்நாக்கு தொங்குகிற இடம் எலும்பில்லாத சதை. அது மேலேறி அடைத்துக்கொண்டால் காற்று வாயால் மட்டும் போகும். சற்று இறங்கினால் மூக்கு வழியும் திறந்துகொள்ளும். கடைக்காரம்மா பேசும் ஹொக்கியன் சீனத்தில் உயிரொலியை வாயால் மட்டும் சொன்னால் ஒரு பொருள், மூக்கையும் சேர்த்துச் சொன்னால் வேறு பொருள்.

“நான் வரலப்பா இந்த விளையாட்டுக்கு” என்றார் மாமா. அவர் சொன்ன ‘நான்’ எப்படி முடிந்தது என்று கவனித்தேன். நாக்கு நுனி எங்கேயும் தொடவில்லை. ஆ மூக்கால் வந்து நின்றுவிட்டது. வீட்டுப் பேச்சில் மரம், அவன், வந்தான் எல்லாமே இப்படித்தான் முடிகின்றன. ம்மும் ன்னும் எழுத்தில்தான் இருக்கின்றன. மாமாவுக்கு வராத அந்த ஒலியை அவர் நாளெல்லாம் சொல்லிக்கொண்டுதான் இருந்தார். எழுத்தில் இல்லாததால் அதைத் தமிழொலி என்று யாரும் கணக்கில் சேர்ப்பதில்லை.

எழுத்தில் இருப்பதற்கு மட்டும் நம்மிடம் காவல் அதிகம். எங்கள் ஊரில் பேச்சுப் போட்டி என்றால் நடுவர் மேசையில் ஒருவராவது ழகரத்துக்காகவே காத்திருப்பார். பிள்ளை ‘தமிள்’ என்று தொடங்கியதும் பேனா அசையும். முடிவில் அறிவுரை: “நாக்குச் சோம்பல் கூடாது. நல்லா அழுத்திச் சொல்லணும்.” நானும் சில முறை அந்த மேசையில் உட்கார்ந்து இதைக் கேட்டிருக்கிறேன். அழுத்தினால் ழ எப்படி வரும்? அழுத்தினால் வருவது ள.

நாக்கு நுனியை மேலே வளைத்து அண்ணத்தில் ஒட்டினால், நடுவழி அடைபட்டுக் காற்று இரண்டு ஓரமும் பிரிந்து போகும். அது ள. அதே வளைவில் நுனியை ஒட்டவிடாமல் நிறுத்தினால் காற்று நடுவிலேயே வழுக்கிக்கொண்டு வரும். அது ழ. ஒட்டாமல் இருப்பதுதான் அதன் முழு ரகசியம். மாணவி அழுத்த அழுத்த ளகரம் கெட்டிப்படுகிறது. நடுவரும் மேலும் அழுத்தச் சொல்கிறார்.

இதையெல்லாம் சொல்லித்தர நமக்கு நூலுக்குப் பஞ்சமில்லை. தொல்காப்பியம் எழுத்ததிகாரத்தின் மூன்றாவது இயல் பிறப்பியல். கொப்பூழிலிருந்து எழும் காற்று தலை, கழுத்து, நெஞ்சு என்னும் மூன்று இடங்களில் நின்று, பல், இதழ், நாக்கு, மூக்கு, அண்ணம் இவற்றோடு சேர்ந்து எழுத்தாகிறது என்று தொல்காப்பியர் தொடங்குகிறார். பிறகு ஒவ்வொன்றாக வருகிறார். உ, ஊ, ஒ, ஓ வரிசைக்கு இதழ் குவியும். ககரத்துக்கு அடிநாக்கு, சகரத்துக்கு நடுநாக்கு, டகரத்துக்கு நுனிநாக்கு. எக்ஸ்ரேயும் கிடையாது, ஒன்றும் கிடையாது. தன் வாய்க்குள் தானே துழாவிப் பார்த்த மனிதர். அவர் சில எழுத்துக்கு நாக்கு ஒற்றும் என்கிறார், சில எழுத்துக்கு வருடும் என்கிறார். ரகரமும் ழகரமும் வருடும் பக்கம். வருடும்போது நாக்கு தொடுகிறதா இல்லையா என்று உரைகாரர்கள் வாதாடட்டும். அழுத்தச் சொல்லவில்லை என்பது நிச்சயம்.

1999இல் ஸ்ரீகாந்த் நாராயணன், டேனி பர்ட், அபிகைல் கான் மூவரும் ர, ற, ல, ள, ழ ஐந்தையும் எம்.ஆர்.ஐ. படமெடுத்தும், நாக்கில் சிறு உணரிகளை ஒட்டி அசைவை அளந்தும், அமெரிக்க ஒலியியல் கழகத்தின் ஆய்விதழில் எழுதினார்கள். வளைந்த நுனிக்குக் கீழே உருவாகும் சிறு குழிவு ஒலியியலாருக்குப் பெரிய விஷயம். ழகரத்தின் அந்தக் கனத்த, சற்று இருண்ட ஓசையில் அதற்கும் பங்குண்டு.

பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் 1816இல் தமிழ் வகுப்பு தொடங்கியதை வைத்து, மலேசியத் தமிழ்க் கல்வியின் 200ஆம் ஆண்டை 2016இல் கொண்டாடினோம். எனக்குத் தெரிந்த வகுப்பறைகளில் பிறப்பியல் மனப்பாடப் பகுதியாகத்தான் இருந்தது. நூற்பாவை ஒப்பிக்கும் பிள்ளையிடம், இப்போது உன் நாக்கு எங்கே இருக்கிறது என்று கேட்ட ஆசிரியரைப் பார்த்ததில்லை.

சோம்பல் என்கிறார்களே, அதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. இந்த ஊர்ப் பிள்ளையின் நாக்கு ஒரு நாளில் என்னென்ன வேலை செய்கிறது என்று சூலியா தெருவில் ஒரு மணி நேரம் நின்று கேளுங்கள். சீனப் புத்தாண்டின் பதினைந்தாம் இரவை சாப் கோ மே என்கிறோம். அந்த ‘சாப்’, அதாவது பத்து, உதடு மூடியதோடு முடிந்துவிட வேண்டும். திறந்து காற்றை விடக்கூடாது. தமிழில் வல்லின மெய்யில் சொல் முடியாது. அதனால்தான் எங்கள் தலைமுறை ‘சாப்பு’ என்று ஒரு குற்றியலுகரத்தை ஒட்டவைத்தது, பஸ்ஸை ‘பஸ்ஸு’ ஆக்கியது போல. இன்றைய பிள்ளைகள் சீனத் தோழர்களோடு பேசும்போது உதட்டை மூடி அப்படியே நிறுத்துகிறார்கள். நாசி கண்டார் கடையில் தண்ணீர் கேட்கும்போது, கோலாலம்பூர்க்காரர் ‘ஆயெர்’ என்பதை, கடைசி ர் தொண்டைக்குள் இறுகிப்போகும்படி வடக்கத்தி மலாயில் சொல்கிறார்கள். அதை எழுதிக் காட்ட ஆங்கில ‘கியூ’வைக் கடன் வாங்குவார்கள். இந்தக் குழந்தையையா சோம்பேறி நாக்கு என்பது?

ழகரம் இல்லாத மொழிக்காரர்கள் அதை எப்படியோ சமாளித்திருக்கிறார்கள். நம் மாம்பழம் மலாயில் ‘மெம்பெலம்’ ஆனது. ழ போய் ல வந்தது. கழுதை ‘கெல்டாய்’ ஆனபோதும் ழகரம் இருந்த இடத்துக்கு லகரமே வந்தது. இரண்டு சொல்லிலும் கேட்ட ஒலியைத் தங்கள் லகரமாக வாங்கிக்கொண்டார்கள். யாரும் மதிப்பெண் குறைக்கவில்லை.

ழ தமிழுக்கு மட்டுமே உரியது என்று மேடையில் முழங்குவதும் உண்டு, பக்கத்தில் இருக்கும் மலையாளியை மறந்துவிட்டு. அமெரிக்கர்கள் ‘கார்’ என்னும்போது கடைசியில் வருகிற ‘ஆர்’ ழகரத்துக்கு மிக நெருங்கிய உறவு. யூடியூப் பார்க்கும் பிள்ளைகள் அதை யாரும் சொல்லித்தராமலே சொல்கிறார்கள். ‘தமிள்’ என்ற ஒரு சிறுமியிடம், “அமெரிக்கா மாதிரி கார் சொல்லும்மா, அந்தக் கடைசி ஒலியிலேயே நில்லு, இப்போ வாழை சொல்லு” என்றேன். முதல் தடவையே வந்தது. அவளுக்கே ஆச்சரியம். “இவ்ளோதானா, அங்கிள்?”

வீட்டில் செய்து பார்க்க இன்னொரு வழியும் உண்டு. ல சொல்வதற்கு நாக்கைத் தயாராக வைத்துக்கொண்டு, சொல்லாமல் மூச்சை வாயால் உள்ளே இழுங்கள். நாக்கின் இரண்டு ஓரமும் சில்லென்று இருக்கும். இப்போது ழகரத்துக்கு வைத்து இழுங்கள். குளிர்ச்சி நடுவுக்கு வந்துவிடும். ஓரம்தான் குளிர்கிறது என்றால் நுனி எங்கோ ஒட்டிக்கொண்டிருக்கிறது, கொஞ்சம் இறக்குங்கள்.

நடுவர்களுக்கும் ஒரு கேள்வி இருக்கிறது. பிறப்பியல் கணக்கில் நகரமும் னகரமும் வேறு வேறு. தகரத்தைப் போல நகரத்துக்கு நாக்கு பல்லின் அடியில் பரந்து ஒற்ற வேண்டும். னகரத்துக்கு, றகரத்தைப் போல, நுனி மேலேறி அண்ணத்தில் ஒற்ற வேண்டும். ‘நான்’ என்ற சொல்லை மேடைத் தமிழில் திருத்தமாகச் சொல்லும்போதும், முதல் ஒலியையும் கடைசி ஒலியையும் நம்மில் பெரும்பாலோர் ஒரே இடத்தில்தான் வைக்கிறோம். மரத்துக்கும் மறத்துக்கும் காதில் வேறுபாடு வைத்திருப்பவரும் அரிது. யாழ்ப்பாணத்தார் ழகரத்தை ளகரமாகச் சொல்வார்கள். ஆனால் ‘காற்று’ என்பதில் வரும் றகரத்தை நாம் தொலைத்துவிட்ட இடத்திலேயே இன்னும் வைத்திருக்கிறார்கள். எந்தப் போட்டியிலும் இதற்கெல்லாம் பேனா அசைந்து நான் பார்த்ததில்லை.

மதிப்பெண் தாளில் உச்சரிப்புக்கு ஒரே கட்டம் வைத்து, அதை ழகரத்துக்கு மட்டும் எழுதிக்கொடுத்திருக்கிறோம். அடுத்த போட்டிக்குத் தாள் அச்சடிக்கும் குழுவினர் ந, ன, ர, ற நான்குக்கும் கட்டம் சேர்க்கட்டும். பிள்ளைகள் மேடையேறும் முன் நடுவர்களின் வரவேற்புரையை வைத்துத் தாளை ஒரு முறை சரிபார்த்துக்கொள்ளலாம்.