பாயிற் கிடக்கும் கை

பாரிசவாதத்தால் ஒரு பக்கம் செயலிழந்தவரைப் பாயிற் கிடத்தி, சோறூட்டி, முகங் கழுவிவிடுவதையே நம்மவர் அன்பெனக் கொள்கின்றனர். அவ்வன்பை நாம் பழிக்கவில்லை; ஆயினும் கையை முடமாக்குவதில் அதற்கும் பங்குண்டு என்பதைச் சொல்லாதிருத்தல் இயலாது.

நோயுற்ற கையை விட்டு, நல்ல கையாலேயே யாவும் செய்து பழகியவர், தேறக்கூடிய கையையும் வழங்காமலே விட்டுவிடுகிறார். இதனைக் கண்டவர் அமெரிக்க உளவியலறிஞர் எட்வேட் டோப். அவர் வகுத்த முறை கடுமையானது: நல்ல கைக்கு உறையிட்டு, நலிந்த கையையே வேலை வாங்குவது! விழித்திருக்கும் நேரத்தில் நூற்றுக்கு 90 பங்கு உறை கழற்றலாகாது. இரண்டு வாரம் தீவிர பயிற்சி. 222 நோயாளரைக் கொண்டு நடந்து 2006 இல் வெளியான ஆய்வில், இவ்வாறு பயின்றோர் வழமையான பராமரிப்புப் பெற்றோரிலும் நன்கு தேறினர். ஓராண்டின் பின்னும் பயன் நிலைத்தது.

எல்லோருக்கும் இது பொருந்தாது. மணிக்கட்டும் விரல்களும் சிறிதேனும் அசைய வேண்டும். அதைச் சோதித்தறிய இயன்மருத்துவர் வேண்டுமே! குளிகைப் பொட்டலத்தோடு வீடு திரும்பிய கமக்காரன், பயிற்சிக்கென வாரந்தோறும் பட்டினத்துக்கு வாகனம் பிடிக்கப் பணத்துக்கு எங்கே போவான்? மண்வெட்டி பிடிக்கும் கை போனால் அவன் குடும்பத்தின் வருமானமே போயிற்று. கிராமத்து வைத்தியசாலைகளுக்குக் கிழமையில் ஒரு நாளாவது இயன்மருத்துவரை அனுப்புமாறு அரசாங்கத்தை நாம் கேட்கிறோம்.

வீட்டாருக்கும் ஒன்று. விழுங்குவதில் தடையில்லையேல், கரண்டியை அந்தக் கையிலேயே கொடுங்கள். சோறு சிந்தினாற் சிந்தட்டும்.