மனசு விட்டுப் பேசுறது வெள்ளைக்காரன் சரக்கா? (நீண்ட த்ரெட்)

1/ "உளப்பகுப்பாய்வு, கவுன்சிலிங் எல்லாம் வெள்ளைக்காரனுக்கு. நம்ம குடும்ப அமைப்புக்கு ஒத்து வராது."

"ஃப்ராய்டு சொன்னதையெல்லாம் நம்ம சித்தர்கள் அப்பவே சொல்லிட்டாங்க."

இதுல ஒண்ணாவது உங்க குடும்ப வாட்ஸ்அப் குரூப்புக்கு வந்திருக்கும். ரெண்டுமே தப்பு. ரெண்டுமே ஆபத்தும்கூட. ஏன்னு சொல்றேன், கொஞ்சம் பொறுமையா படிங்க.

2/ முதல்ல ஒரு சின்னக் கணக்கு. பாரிஸில் உளப்பகுப்பாய்வுச் சங்கம் தொடங்கியது 1926. கல்கத்தாவில் இந்திய உளப்பகுப்பாய்வுச் சங்கம் தொடங்கியது 1922. நாலு வருஷம் முன்னாடி! புதுசா எது வந்தாலும் பாரிஸ்லேர்ந்து கப்பல் ஏறித்தான் வந்திருக்கும்னு நம்புற பாண்டிக்காரங்க இதை ரெண்டு தடவை படிக்கலாம்.

3/ தொடங்கியவர் கிரீந்திரசேகர் போஸ். கல்கத்தாவில் மருத்துவம் படிச்சு பிராக்டிஸ் பண்ணின டாக்டர். அடக்கி வைக்கப்பட்ட ஆசைகள் மனசை என்ன செய்யும் என்று ஆராய்ந்து 1921-ல் கல்கத்தா பல்கலைக்கழகத்தில் டாக்டர் பட்டம் வாங்கினார். அப்போ ஃப்ராய்டு எழுதினதுல ஆங்கிலத்தில் கிடைச்சது கொஞ்சம்தான். தன் நோயாளிகளை உட்கார வச்சுக் கேட்டுக் கேட்டுத்தான் நிறைய விஷயங்களைத் தானே கண்டுகொண்டார்.

4/ புத்தகத்தை வியன்னாவுக்கு அனுப்பினார். இவ்வளவு தூரத்து நாட்டில் இப்படி ஒரு ஆர்வமா என்று ஃப்ராய்டுக்கு ஆச்சரியம். அதிலிருந்து 1937 வரை கடிதப் போக்குவரத்து நடந்தது. நேரில் ஒருமுறைகூட சந்திச்சதில்லை. ஃப்ராய்டின் 75-வது பிறந்தநாளுக்கு, 1931-ல், கல்கத்தாவிலிருந்து போன பரிசு தந்தத்தில் செய்த விஷ்ணு சிலை. அதை அவர் தன் மேசை மேலேயே வச்சுக்கிட்டார்.

5/ ஆனா போஸ் தலையாட்டி பொம்மை இல்லை. ஈடிபஸ் சிக்கல் கேள்விப்பட்டிருப்பீங்க. ஆண் குழந்தைக்கு அம்மா மேல பற்று, அப்பாவோட போட்டி, அப்பா தன் ஆண்மையையே பறிச்சிடுவாரோன்னு பயம். போஸ் ஃப்ராய்டுக்கே எழுதினார்: என் இந்திய நோயாளிகளிடம் அந்தப் பயம் ஐரோப்பியர்களிடம் இருக்கிற அளவுக்கு இல்லை, பெண்ணாக இருக்கணும் என்ற ஆசை இங்கே ஆண்களிடம் சுலபமா வெளியே வருது. ஃப்ராய்டு ஏத்துக்கலை. போஸும் பின்வாங்கலை.

6/ "நம்ம குடும்ப அமைப்பு வேற"ன்னு இன்னிக்கு வாட்ஸ்அப்ல வாதாடுறவங்களுக்கு ஒரு தகவல். கிட்டத்தட்ட 100 வருஷம் முன்னாடியே ஒரு இந்திய டாக்டர் அதை நோயாளிகளின் அனுபவத்தோடு ஃப்ராய்டிடமே வாதாடிட்டார். வேற என்பதால் அவர் கடையை மூடலை. 1940-ல் லும்பினி பார்க் மனநல மருத்துவமனையைத் திறந்தார்.

7/ ஃப்ராய்டுக்கும் ஒரு ஊர் உண்டு, ஒரு காலம் உண்டு. வியன்னாவில் வாழ்ந்த யூத டாக்டர். 1885-86-ல் பாரிஸில் சார்கோவிடம் ஹிஸ்டீரியா பத்திக் கத்துக்கிட்டவர். 'பேசிக் குணமாவது' என்று இந்த முறைக்குப் பெயர் வச்சதே ஒரு நோயாளிப் பெண், பெர்த்தா பாப்பன்ஹைம். ஃப்ராய்டின் நண்பர் பிராயரிடம் சிகிச்சை எடுத்தவர்.

8/ 1933-ல் நாஜிகள் ஃப்ராய்டின் புத்தகங்களை எரித்தார்கள். 1938-ல் அவர் ஊரை விட்டே லண்டனுக்குத் தப்பினார். 'இது யூதச் சரக்கு, நம்ம இனத்துக்கு ஆகாது' என்பதுதான் எரிச்சவங்க சொன்ன காரணம். "நம்ம பண்பாட்டுக்கு ஆகாது"ன்னு ஃபார்வர்ட் பண்றதுக்கு முன்னாடி இதையும் ஒரு நிமிஷம் யோசிங்க.

9/ "வெள்ளைக்காரன் இதை நமக்கு எதிரா பயன்படுத்தலையா டாக்டர்?" பயன்படுத்தினான். டேலி என்ற பிரிட்டிஷ் ராணுவ அதிகாரி, வங்கப் புரட்சியாளர்களின் கிளர்ச்சியை காளி வழிபாட்டோடும் தாய்ப்பற்றோடும் முடிச்சுப் போட்டு 1930-ல் கட்டுரை எழுதினார். சுதந்திரம் கேட்டா மனக்கோளாறு! தப்பு கத்தியோடதா, பிடிச்ச கையோடதா?

10/ "ஸ்ரீ அரவிந்தரே இதை மறுத்திருக்காரே?" நம்ம ஊர்ல கட்டாயம் வர்ற கேள்வி. ஆமா, மறுத்தார். மனசின் கீழான, இருட்டான ஒரு பகுதியை மட்டும் கிளறி அதையே முழு மனுஷன் என்று சொல்றாங்க, பக்குவம் இல்லாமல் கிளறினால் ஆபத்து என்பது அவர் வாதம். மதிக்க வேண்டிய வாதம். ஆனா அது ஆசிரமத்தில் சாதகர்களுக்கு எழுதிய கடிதங்களில் வர்றது. மூணு மாசமா தூங்காத முத்தியால்பேட்டைப் பையனுக்கு எழுதின மருந்துச் சீட்டு இல்லை.

11/ நம்ம ரோமன் ரோலண்ட் நூலகத்துக்குப் பேர் கொடுத்த அந்தப் பிரெஞ்சு எழுத்தாளர் யார்? ராமகிருஷ்ணர் வாழ்க்கையை எழுதியவர். கடல் மாதிரி எல்லையில்லாத ஒரு உணர்வு மனுஷனுக்கு உண்டு, அதுதான் மதத்தின் ஊற்று என்று 1927-ல் ஃப்ராய்டுக்குக் கடிதம் எழுதினார். என்னிடம் அப்படி ஒரு உணர்வு இல்லையே என்று ஃப்ராய்டு பதில் சொல்லித்தான் 1930-ல் வந்த தன் புகழ்பெற்ற புத்தகத்தையே தொடங்குகிறார். சரக்கு ஒரு பக்கமா மட்டும் போகலை.

12/ இப்ப "சித்தர்கள் அப்பவே சொல்லிட்டாங்க" கோஷ்டிக்கு. போஸும் கீதை, யோக சூத்திரம், புராணம் எல்லாம் ஆழமா படிச்சு எழுதியவர். ஆனா ஓலைச்சுவடியைக் காட்டி நோயாளியைத் திருப்பி அனுப்பலை. உட்கார்ந்து கேட்டார்.

13/ பண்பாடு எல்லாத்தையும் பார்த்துக்கும்னா, 2001 ஆகஸ்ட் 6-ஐ என்ன பண்றது? ஏர்வாடியில் ஒரு தனியார் காப்பகக் கொட்டகையில் தீ. 28 பேர் கருகிச் செத்தாங்க. சங்கிலியில் கட்டியிருந்ததால் ஓட முடியலை. அவங்களை அங்க கொண்டு விட்டது வெள்ளைக்காரன் இல்லை. குடும்பம்.

14/ "ஃப்ராய்டு அறிவியலே இல்லைன்னு சொல்றாங்களே?" அவர் சொன்னதில் நிறைய நிரூபணம் ஆகலை, சிலது தப்பு. மனச்சிதைவுக்கும் இருதுருவ நோய்க்கும் மாத்திரை அவசியம், யாரும் நிறுத்தாதீங்க. ஆனா ஒருத்தர் பேச, இன்னொருத்தர் தீர்ப்பு சொல்லாமல் கேட்கிற அந்த முறை நிலைச்சு நின்னுடுச்சு. இன்னிக்கு ஆதாரத்தோட நிற்கிற சிபிடி சிகிச்சையை உருவாக்கிய ஆரோன் பெக்கும் உளப்பகுப்பாய்வில் பயிற்சி எடுத்தவர்தான்.

15/ இதுக்கு ஏன் இவ்வளவு கோபம்? 2022 தேசிய குற்ற ஆவணக் காப்பகக் கணக்கு. இந்தியாவில் லட்சம் பேருக்கு 12.4 தற்கொலை. புதுச்சேரி யூனியன் பிரதேசத்தில் 29.7. ரெண்டு மடங்குக்கும் மேல. நாட்டிலேயே மூணாவது இடம்.

16/ இந்த நிலைமையில "கவுன்சிலிங்கா? நம்ம பிள்ளைக்கா? நாலு பேர் என்ன சொல்வாங்க?"ன்னு கேக்குறோம். தூக்கம் வரலைன்னா மாத்திரை கிடைக்குது. ஏன் வரலைன்னு கேட்க ஓ.பி.யில் நேரமும் இல்லை, ஆளும் இல்லை, கதவு சாத்திப் பேச ஒரு ரூமும் இல்லை. ஒவ்வொரு ஆரம்ப சுகாதார நிலையத்திலும் தமிழில் கேட்கத் தெரிந்த ஒரு பயிற்சி பெற்ற ஆலோசகர் வேணும். ஓட்டு கேட்டு வர்றவங்ககிட்ட ரோடு, தண்ணியோட இதையும் கேளுங்க.

17/ வீட்டுல யாராவது "மனசு சரியில்ல"ன்னு சொன்னா, சித்தர் பாட்டும் வேண்டாம், ஃப்ராய்டும் வேண்டாம். "என்ன ஆச்சு, சொல்லு"ன்னு கேட்டுட்டு சும்மா இருங்க. குறுக்கே பேசாதீங்க. அப்புறம் டாக்டரிடம் கூட்டிட்டுப் போங்க.

18/ இப்பவே பேசணும்னு தோணினா டெலி மானஸ்: 14416. இலவசம், 24 மணி நேரமும், தமிழிலும் பேசலாம். அந்த ஃபார்வர்ட் வந்த அதே குரூப்ல இந்த நம்பரையும் போடுங்க.