ஜப்பானியத்துக்கு இங்கிலீஷ் டோல்கேட்

அக்கா பையனுக்கு ஜப்பான்ல வேலை பார்க்கணுமாம். நல்ல விஷயம்தானே? 2021லயே இந்தியாவும் ஜப்பானும் இதுக்கு ஒப்பந்தம் போட்டாச்சு. முதியோர் பராமரிப்பு, விவசாயம், கட்டுமானம்னு ஆள் கேட்கறாங்க. மொழித் தேர்வு பாஸ் பண்ணணுமே, அதுக்கு புக் வாங்கலாம்னு புதுக்கோட்டை கீழ ராஜ வீதியில கடை கடையா ஏறினேன்.

கிடைச்சது 'முப்பதே நாளில்' ரகம். முழுக்கத் தமிழ் எழுத்து. ஜப்பானிய எழுத்து ஒண்ணுகூடக் கிடையாது! அங்க போய் இவன் பஸ் போர்டை எப்படிப் படிப்பான்?

கோச்சிங் சென்டர்ல 'மின்னா நோ நிஹோங்கோ'தான் பாடமாம். நல்ல புக்தான். ஆனா பாடம் முழுக்க ஜப்பானியத்துல, இலக்கண விளக்கத்துக்குத் தனி புக். வியட்நாம்காரனுக்கு வியட்நாமியத்துல, தாய்லாந்துக்காரனுக்குத் தாய் மொழியில அந்த விளக்கம் கிடைக்குது. நம்ம பையன் கைக்கு வந்தது இங்கிலீஷ். அதுவும் ஜெராக்ஸுக்கு ஜெராக்ஸ். சீனத்துலேருந்து வந்த கான்ஜி எழுத்துக்கு மேல பொடிசா உச்சரிப்பு போட்டிருப்பாங்களே, அது எல்லாம் கரும்புள்ளி. அந்தப் பொடி எழுத்துக்குத்தானேய்யா காசு கொடுக்கறோம்!

இதைவிட எரிச்சல் ஒண்ணு இருக்கு. ஜப்பானியத்துலயும் நம்மள மாதிரியே வினை கடைசியில வரும், வேற்றுமை உருபு பெயருக்குப் பின்னால ஒட்டும். 'தபேத்தே மிரு'ன்னா அப்படியே 'சாப்பிட்டுப் பார்'. கண்ணுக்கு வேலையே இல்லாத அந்தப் 'பார்' உட்பட! நம்ம பிள்ளைக்கு ஒரே வரியில முடியற சமாச்சாரம். அதை இங்கிலீஷ்ல சுத்தி வளைச்சு விளக்கி, அவன் அதைத் திரும்பத் தமிழாக்கி... எதுக்கு இந்தத் தலைவலி?

சுசுமு ஓனோன்னு ஒரு ஜப்பானிய அறிஞர், தமிழுக்கும் ஜப்பானியத்துக்கும் உறவு இருக்குன்னு வருஷக்கணக்கா வாதாடினார். மொழியியல்காரங்க பலர் ஒத்துக்கல, அது வேற கதை. நாம அவர் பேரைச் சொல்லி மேடையில கைதட்டல் வாங்கிக்கிட்டோம். ஒரு ஒழுங்கான பாடப்புத்தகம் எங்க ஊர்க் கடைக்கு வந்துச்சா?

இத்தனைக்கும் 1991ல அறிவொளி இயக்கம் ஓஹோன்னு நடந்த மாவட்டம் இது. கல்குவாரிப் பெண்களுக்கு அவங்க புழங்கற சொல்லை வச்சே எழுத்தும் சொல்லிக்கொடுத்தோம், சைக்கிளும் சொல்லிக்கொடுத்தோம். தெரிஞ்சதுலேருந்து தெரியாததுக்குப் போகணும்கற அந்தப் புத்தி இப்ப எங்க போச்சு?

பையன் நேத்து கேட்கறான்: "மாமா, டிரான்சிட்டிவ் வெர்ப்னா என்ன?"

அதுக்கு முதல்ல ஒரு இங்கிலீஷ் கிராமர் புக் வாங்கணுமாம்.