இருபத்து மூன்று வயதில் ஆறு பதக்கம்

2014 ஜூலை 26. கிளாஸ்கோ நகரின் ஹைட்ரோ அரங்கில் வேல்ஸ் நாட்டு ரிதமிக் ஜிம்னாஸ்டிக் வீராங்கனை பிரான்செஸ்கா ஜோன்ஸ் ரிபனோடு வந்து நிற்கிறார். பிரான்கி என்றால்தான் அங்கே எல்லோருக்கும் தெரியும். அந்தப் பொதுநலவாய விளையாட்டில் அவருக்கு ஏற்கெனவே ஐந்து வெள்ளி கிடைத்துவிட்டது. அணிப் போட்டியில் ஒன்று, தனிநபர் ஒட்டுமொத்தத்தில் ஒன்று, வளையம், பந்து, கரலாக்கட்டை என்று மூன்று. ஐந்திலும் தங்கம் கனடாவின் பட்ரீசியா பெசூபென்கோவுக்கே போனது. மிச்சமிருந்தது ரிபன் மட்டும். அதில் பிரான்கிக்குத் தங்கம், பெசூபென்கோவுக்கு வெண்கலம். போட்டி மேடையில் பிரான்கி ஆடிய கடைசி ஆட்டமும் அதுதான். அந்த விளையாட்டுகளின் தலைசிறந்த வீரருக்குரிய டேவிட் டிக்ஸன் விருதும் அவரைத் தேடி வந்தது.

வேல்ஸின் சனத்தொகை ஏறக்குறைய 31 லட்சம். இலங்கையில் நமது கிழக்கு மாகாணத்தைப் போல கிட்டத்தட்ட இரண்டு மடங்கு, அவ்வளவுதான். ரிதமிக் ஜிம்னாஸ்டிக் என்றாலே ரஷ்யாவும் பல்கேரியாவும்தான் என்றிருந்த காலத்தில், அந்தச் சின்ன நாட்டின் மூன்று பெண்கள் சேர்ந்து கிளாஸ்கோவில் அணி வெள்ளி எடுத்தார்கள்.

ஆனால் எனக்குப் பெரிதாகப் படுவது பதக்கக் கணக்கு இல்லை, அவருடைய வயதுக் கணக்கு. 2010இல் புதுடில்லியில் வளையத்தில் ஒரு வெள்ளி வென்றபோது அவருக்கு 19 வயது. 2012இல் இலண்டன் ஒலிம்பிக். போட்டியை நடத்தும் நாட்டுக்கு ஒதுக்கப்பட்ட இடத்தில்தான் உள்ளே போனார். இறுதிச் சுற்றுக்கு வரவில்லை. அப்போது 21 வயது. பதினைந்து, பதினாறு வயதுப் பிள்ளைகளோடு மல்லுக்கட்ட வேண்டிய விளையாட்டு இது. ஒலிம்பிக்கையும் பார்த்தாயிற்று, காணும் என்று அவர் அன்றைக்கே நின்றிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் நிற்கவில்லை. இன்னும் இரண்டு வருடம் ஆடினார். ஆறு பதக்கமும் வந்தது அதற்குப் பிறகுதான், 23 வயதில்.

அந்த ரிபன் எப்படிப்பட்ட பொருள் என்று தெரிந்தால் இதன் அருமை இன்னும் விளங்கும். ஆறு மீற்றர் நீளச் சாட்டின் துணி, அரை மீற்றரை ஒட்டிய ஒரு குச்சி. பதின்மூன்று மீற்றர் சதுரத் தரையில் 75 முதல் 90 விநாடிக்குள் ஆட்டம் முடிய வேண்டும். துணி ஒரு கணம் தொய்ந்தாலும், முடிச்சு விழுந்தாலும் புள்ளி போய்விடும். அரங்கின் ஏசிக் காற்றுக்கே துணி விலகிவிடுகிறது என்று பெரிய வீராங்கனைகளே முறையிட்டதுண்டு. நம் ஊரில் வைகாசி, ஆனியில் கச்சான் அடிக்கும்போது வெளி மைதானத்தில் ரிபனைச் சுழற்றிப் பாருங்கள். பிள்ளையின் கழுத்தைத்தான் அது சுற்றும்.

இத்தனைக்கும் நம் பிள்ளைகளுக்கு இது புதிய விஷயமே இல்லை. தை, மாசியில் இல்ல விளையாட்டுப் போட்டி பார்க்கப் போனால் உடற்பயிற்சிக் கண்காட்சி என்று ஐம்பது, அறுபது பெண் பிள்ளைகள் வளையமும் ரிபனும் பிடித்துக்கொண்டு வருவார்கள். மேளத்துக்கு ஏற்ப ஒரே வரிசையாகக் குனிந்து நிமிர்வதைப் பார்க்கவே மனம் நிறையும். கரலாக்கட்டையோ இந்திய மண்ணிலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரித்தானியர் கொண்டுபோன பொருள். எங்கள் பக்கம் உவர்மலையிலும் உப்புவெளியிலும் பின்னேரங்களில் நடக்கும் பரதநாட்டிய வகுப்புகளை எட்டிப் பார்த்தாலும் தெரியும், அரைமண்டியில் அசையாமல் நிற்கும் கால்களுக்கு இங்கே பஞ்சமில்லை.

பஞ்சம் வருடங்களுக்குத்தான். ஓ.எல். சோதனை வருகிறது என்றவுடன் பிள்ளையை மைதானத்திலிருந்து மறித்துவிடுகிறோம். நடனம் படித்த பிள்ளைக்கு அரங்கேற்றத்தோடு சரி, அடுத்த கிழமையே சலங்கை அலுமாரிக்குள் போய்விடும். என் அயலில் ஒரு பிள்ளை. மாகாண மட்டம் வரை உயரம் பாய்ந்தவள். ஏன் இப்போது மைதானத்தில் காணவில்லை என்று கேட்டேன். "பெரிய பிள்ளையாகிட்டாள் அண்ணா, இனிப் படிச்சாக் காணும்" என்றார் தாய். அவர் சொன்னதில் கெட்ட எண்ணம் துளியும் இல்லை. பயமும் செலவும் சேர்ந்து சொன்ன பதில் அது. ஆனால் பிரான்கி ஜோன்ஸ் தன் முதல் பொதுநலவாயப் பதக்கத்தை எடுத்த வயதுக்கு, எங்கள் பெண் பிள்ளைகள் விளையாட்டை விட்டு மூன்று நான்கு வருடமாகியிருக்கும். அவர்களிடம் திறமை இருந்ததா இல்லையா என்று பார்க்கவே நாம் காத்திருக்கவில்லை.

இலங்கையில் ஆள் இல்லாமலும் இல்லை. மில்கா கெஹானி 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்குக்குப் போனார். இலங்கையிலிருந்து ஒலிம்பிக் போன முதல் ஜிம்னாஸ்டிக் வீராங்கனை அவர். தொடக்க விழாவில் நம் கொடியை ஏந்திய இருவரில் ஒருவர். ரிதமிக்கில் இலங்கைக்காக ஆடிய அன்னா மரி ஒண்டாச்சி கனடாவில் வளர்ந்தவர். மில்காவும் ஜப்பானில் பயிற்சி எடுத்துத்தான் அந்த உயரத்துக்குப் போனார். கடல் கடக்க வசதியில்லாத மூதூர்ப் பிள்ளைக்கும் கிண்ணியாப் பிள்ளைக்கும் நாம் என்ன வைத்திருக்கிறோம்?

வேண்டியது மலையளவு காசு இல்லை. கூரை உயர்ந்த ஒரு மண்டபம், ஒரு விரிப்பு, படித்துக்கொடுக்க ஒரு ஆள். வார நாட்களில் பூட்டிக் கிடக்கும் மண்டபங்களை நகருக்குள் நானே காட்டுவேன். பிள்ளைகளுக்குக் கிழமையில் இரண்டு பின்னேரம் அவற்றைத் திறந்துவிடட்டும், வலயக் கல்விப் பணிமனை முன்னின்று செய்யட்டும்.

உடற்கல்வி ஆசிரியர்களிடம் ஒன்று கேட்கிறேன். வருகிற தை மாதம் கண்காட்சிக்குப் பிள்ளைகளைத் தெரிவு செய்யும்போது, ஓ.எல். எழுதி முடித்தவர்களையும் ஏ.எல். படிப்பவர்களையும் கூப்பிடுங்கள். வீட்டுக்காரர் மறித்தால் ஒருமுறை நேரில் போய்ப் பேசுங்கள். பெற்றோரே, ரீச்சர் படலையடிக்கு வந்தால், இன்னும் இரண்டு வருடம் விளையாடட்டும் என்று சொல்லி அனுப்புங்கள்.