புல்மோட்டை மணலில் ஒரு கடிகாரம்

தண்ணீர் ஊற்றுவதற்கு முன்பே கரைந்துவிடும் தயோடிமோலின் என்றொரு பொருளை 1948இல் கற்பனை செய்தார் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஐசக் அசிமோவ். காலத்தோடு விளையாடும் கதைப் பொருள்களுக்கு நம்மிடையே இரசிகர்கள் ஏராளம். திருகோணமலைத் துறைமுகத்துக்கு வடக்கே புல்மோட்டைக் கரையில் கிடக்கும் நிஜப் பொருளைத்தான் யாரும் கேட்பதில்லை.

அந்தக் கறுப்பு மணலை அள்ளி வலுவான காந்தத்தைக் காட்டினால் இல்மனைட் என்னும் கனியம் ஒட்டிக்கொள்ளும். ஒட்டாமல் மிஞ்சுவதில் பளிச்சென்று மின்னும் சிர்கோன் என்னும் கனிய மணிகள் இருக்கும். படிகமாக உருவாகும்போது சிர்கோன் யுரேனியத்தைச் சேர்த்துக்கொள்ளும், ஈயத்தை அண்டவிடாது. ஆகவே பின்னாளில் உள்ளே காணப்படும் ஈயம் பெரும்பாலும் யுரேனியம் சிதைந்து பிறந்ததே. யுரேனியம்-238 பாதியாகக் குறைய ஏறத்தாழ 447 கோடி ஆண்டுகள் ஆகும். யுரேனியம், ஈயம் இரண்டின் விகிதத்தை அளந்தால் மணியின் வயது வந்துவிடும். பாறை கரைந்து மணலானாலும் இந்தக் கணக்கு அழிவதில்லை. பூமியின் மிகப் பழைய துணுக்கு, ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸில் கிடைத்த சுமார் 440 கோடி ஆண்டுச் சிர்கோன், இப்படித்தான் பிடிபட்டது. கன்பராவிலுள்ள ஆஸ்திரேலியத் தேசியப் பல்கலைக்கழகம் இவ்வகை அளவீடுகளுக்கு ஒப்புக்கல்லாக நெடுங்காலம் வைத்திருந்த ‘எஸ்எல்13’ ஓர் இலங்கைச் சிர்கோன்!

நாமோ கனியமணலைத் தொன் கணக்கில் கப்பலேற்றுகிறோம். சிர்கோன் உலகச் சந்தையில் பெருமளவு குளியலறை ஓடுகள் போன்றவற்றுக்கு வெண்மை ஏற்றப் போகிறது. விற்கட்டும், அதில் எனக்குச் சண்டையில்லை. ஆனால் இம்மாவட்டப் பாடசாலை ஒவ்வொன்றின் ஆய்வுகூடத்திலும் ஒரு போத்தல் மணலும் ஒரு காந்தமும் வைக்க என்ன செலவாகிவிடும்?